மெசலசினா, சல்ஃபசலசினா? பெயரைப் பிரித்துப் பார்த்து ஓர் ஒப்பீடு

பெருங்குடல் புண் அழற்சிக்கு மருத்துவர் எழுதிய சீட்டில் மெசலசின். கையில் இருக்கும் அட்டையில் மெசலமின். மருந்து மாறிவிட்டதோ என்று பதற வேண்டியதில்லை, இரண்டும் ஒரே பொருள்தான். உலக அளவில் வழங்கும் பொதுப்பெயர் மெசலசின். அமெரிக்காவில் அதற்கு வைத்த பெயர் மெசலமின். மருத்துவர்கள் பேச்சில் 5-ஏஎஸ்ஏ என்பார்கள், அதாவது 5-அமினோசாலிசிலிக் அமிலம். மூன்று பெயர், மருந்து ஒன்று.

சல்ஃபசலசின் அப்படியல்ல. அது வேறு மருந்து, ஆனால் அதன் வயிற்றுக்குள் மெசலசின் ஒளிந்திருக்கிறது. பெயரைப் பிரித்தாலே தெரியும். 'சல்ஃபா' என்பது சல்ஃபாபிரிடின் என்ற சல்ஃபா வகை மருந்து. 'சல்' என்பது சாலிசிலிக் அமிலக் குடும்பத்தின் அடையாளம். ஆஸ்பிரினும் இந்தக் குடும்பம்தான். இரண்டையும் பிணைத்து வைத்திருப்பது 'ஏசோ' பிணைப்பு, அதாவது இரண்டு நைட்ரஜன் அணுக்களால் ஆன பாலம். மெசலசின் என்ற பெயரிலும் அதே ஓசை வருகிறதே என்றால், அங்கே ஏசோ பிணைப்பு எதுவும் இல்லை. அது தனி மூலக்கூறு.

பெயர்க் குழப்பத்தில் உண்மையிலேயே ஆபத்தானவை வேறு இரண்டு. சல்ஃபசலசினும் சல்ஃபடையசினும் எழுத்தில் நெருங்கியவை. பின்னது கிருமிக்கொல்லி, குடல் அழற்சிக்கு அதனால் பயனில்லை. அதேபோல 5-அமினோசாலிசிலிக் அமிலத்தில் அமினோ தொகுதி ஓரிடம் தள்ளி 4-ஆம் இடத்தில் அமர்ந்தால் அது காசநோய்க்குக் கொடுக்கும் பழைய மருந்தாகிவிடும். ஓர் எண்தான் வித்தியாசம். அட்டையைப் பார்க்கும்போது பெயரின் நடு எழுத்துகளையும் சேர்த்துப் படியுங்கள்.

'அழற்சி எதிர்ப்பு மருந்து' என்ற சொல்லும் பலரைத் திசை திருப்புகிறது. அதைக் கேட்டதும் ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக் மாதிரி வலிமாத்திரை என்று எண்ணிக்கொள்கிறார்கள். மெசலசின் வலியைத் தணிக்காது, காய்ச்சலைக் குறைக்காது. குடலின் உட்சுவரை நேரடியாகத் தொட்டு, அங்குள்ள அழற்சியை அடக்குவது மட்டும்தான் அதன் வேலை. வயிறு வலிக்கிறதே என்று வலிமாத்திரையைச் சேர்த்து விழுங்கினால், பெருங்குடல் புண் அழற்சி உள்ளவர்களில் சிலருக்கு நோய் திரும்பக் கிளம்பும்.

பிரிந்த கதை

1930-களின் இறுதியில், மூட்டு அழற்சிக்குக் காரணம் கிருமிதான் என்ற எண்ணம் வலுவாக இருந்தது. ஸ்டாக்ஹோமில் மருத்துவப் பேராசிரியராக இருந்த நன்னா ஸ்வார்ட்ஸ் என்ற பெண்மணி, கிருமிக்கு ஒரு சல்ஃபா, அழற்சிக்கு ஒரு சாலிசிலேட், இரண்டையும் ஒரே மூலக்கூறாக இணைத்தால் என்ன என்று யோசித்ததன் விளைவுதான் சல்ஃபசலசின். மூட்டுக்காகச் செய்த மருந்து, பெருங்குடல் அழற்சி உள்ளவர்களிடமும் நன்றாக வேலை செய்தது.

ஆனால் இரண்டு பாதிகளில் எது வேலை செய்கிறது? விடை வர 1977 ஆகிவிட்டது. ஆக்ஸ்ஃபோர்டில் ஆசாத் கான், பிரிஸ், ட்ரூலவ் மூவரும் முழு மருந்தையும் இரண்டு பாதிகளையும் தனித்தனியாக எனிமா வழியே கொடுத்துப் பார்த்தார்கள். முழு மருந்தும் 5-ஏஎஸ்ஏவும் குடலைத் தேற்றின. சல்ஃபாபிரிடின் தேற்றவில்லை. அப்படியென்றால் குடலைப் பொறுத்தவரை சல்ஃபா பாதி வெறும் சுமைதூக்கி. தொந்தரவுகளில் பெரும்பகுதியும் அதனால்தான். அதைக் கழற்றிவிட்டு 5-ஏஎஸ்ஏவை மட்டும் கொடுக்கலாம் என்ற முயற்சியில் பிறந்தவைதான் இன்றைய மெசலசின் மாத்திரைகள்.

இங்கேதான் பலர் தவறான முடிவுக்கு வருகிறார்கள்: மெசலசின் என்பது சல்ஃபசலசினின் திருத்திய பதிப்பு, பழையதை இனி ஒதுக்கிவிடலாம் என்று. குடலுக்கு மட்டும் பார்த்தால் பெரும்பாலும் சரி. மூட்டுக்குச் சரியில்லை. முடக்குவாதத்தில் இதே கேள்வியை 1985-இல் ஆராய்ந்தபோது விடை தலைகீழாக வந்தது: அங்கே வேலை செய்வது சல்ஃபாபிரிடின் பாதி. ஆகவே மெசலசினால் மூட்டுக்குப் பயனில்லை. பெருங்குடல் அழற்சியோடு கை, கால் மூட்டுகளும் வீங்குகிறவருக்குச் சல்ஃபசலசின்தான் இரண்டு வேலையையும் ஒன்றாகப் பார்க்கும்.

போய்ச் சேரும் வழி

மெசலசினைப் பூச்சு எதுவும் இல்லாமல் விழுங்கினால், சிறுகுடலின் மேற்பகுதியிலேயே பெரும்பாலும் உறிஞ்சப்பட்டுவிடும். பெருங்குடலுக்கு மிஞ்சுவது சொற்பம். இந்த மருந்து ரத்தத்தில் கலந்து பயனில்லை, சுவரைத் தொட வேண்டும். அதனால் மெசலசின் வாங்கும்போது மருந்தை விட அதைச் சுமக்கும் பூச்சுக்குத்தான் முக்கியத்துவம்.

சல்ஃபசலசினுக்கு இந்தக் கவலை இல்லை. ஏசோ பிணைப்பை உடைக்கும் நொதி பெருங்குடல் நுண்ணுயிரிகளிடம்தான் ஏராளமாக இருக்கிறது. மருந்து அங்கே போனதும் பாலம் உடைந்து 5-ஏஎஸ்ஏ வெளிவரும். எளிய, நம்பகமான ஏற்பாடு. ஆனால் எடையில் பாதிக்கும் மேல் சுமைதூக்கிக்கே போய்விடுகிறது. 4 கிராம் சல்ஃபசலசினில் கிடைக்கும் 5-ஏஎஸ்ஏ சுமார் 1.5 கிராம்தான். மெசலசினில் 4.8 கிராம் வரை நாள் ஒன்றுக்குக் கொடுக்கலாம். சல்ஃபசலசினில் அந்த அளவை எட்ட நினைத்தால் தலைவலியும் குமட்டலும் விடாது.

இதே பாலத்தைப் பயன்படுத்தி, சல்ஃபா இல்லாமல் செய்தவை பால்சலசைடும் ஒல்சலசினும். பால்சலசைடில் தீங்கற்ற வேறொரு சுமைதூக்கி, நாளுக்கு 6.75 கிராம் எடுத்தால் 2.4 கிராம் மெசலசின் கிடைக்கும், அதாவது 750 மில்லிகிராம் கேப்சூல் ஒன்பது. ஒல்சலசினில் இரண்டு 5-ஏஎஸ்ஏ கைகோத்து நிற்கும். அழகான யோசனைதான், ஆனால் அதுவே வயிற்றுப்போக்கை உண்டாக்குகிறது. ஏற்கெனவே வயிற்றுப்போக்கோடு வருகிறவருக்கு அது பொருந்துவதில்லை.

மெசலசின் பூச்சுகளில் மூன்று வகை. முதல் வகை, குடலின் பிஹெச் (அமில-கார அளவு) உயர்ந்தால் கரைவது: அசகால் போன்றவை 7-ஐத் தாண்டினால், சலோஃபால்க் போன்றவை 6-ஐத் தாண்டினால் கரையும். முன்னது சிறுகுடலின் கடைசியில் திறக்கும், பின்னது சற்று முன்பே. இரண்டாவது, பென்டாசா மாதிரி நுண்மணிகளாக இருந்து, சிறுகுடலின் முதல் பகுதியான டியோடினம் தொடங்கிக் குடல் நெடுக மெல்லக் கசிவது. மூன்றாவது, லியால்டா போலப் பூச்சுக்குள் அடர்ந்த பிசினில் மருந்தைப் புதைத்து, பெருங்குடல் முழுவதும் மெதுவாக விடுவது. நாளுக்கு ஒருவேளை போதும்.

பிஹெச் வகையில் தவறு நேர்வது எங்கே என்றால், தீவிர அழற்சியில் பெருங்குடலின் பிஹெச் குறைந்துவிடலாம், போக்கு வேகமாகவும் இருக்கும். அப்போது மாத்திரை கரையாமலே வெளியே வரும். மலத்தில் மாத்திரை தெரிந்தால் உடனே கலங்காமல் கவனியுங்கள். உள்ளே ஒன்றுமில்லாத வெறும் ஓடு என்றால் கவலையில்லை, மருந்து இறங்கிவிட்டது. அழுத்தினால் கெட்டியாக முழு மாத்திரையாகவே, அதுவும் அடிக்கடி வந்தால், மருத்துவரிடம் சொல்லி வகையை மாற்ற வேண்டும். மலச்சிக்கலுக்கு லாக்டுலோஸ் எடுப்பவர்களிலும் பெருங்குடலின் பிஹெச் குறைந்து பூச்சு திறக்காமல் போகலாம். பூச்சு மாத்திரையை உடைக்கவோ மெல்லவோ கூடாது என்று சொல்வதும் இதற்காகத்தான். உடைத்த மாத்திரை மேற்குடலிலேயே தீர்ந்துவிடும். 800 மில்லிகிராம் மாத்திரை ஒன்றுக்குப் பதில் 400 மில்லிகிராம் இரண்டு என்று தாமாக மாற்றுவதும் கூடாது. எண் ஒத்துவரும், பூச்சு ஒத்துவராது.

கீழே இருக்கும் நோய்க்குக் கீழிருந்தே மருந்து

மெசலசினுக்கு மிகப் பெரிய அனுகூலம் இதுதான், அதையே பலரும் தட்டிக்கழிக்கிறார்கள். அழற்சி மலக்குடலில் மட்டும் என்றால், மலவாய் வழியே உள்ளே வைக்கும் குச்சி மருந்தான சப்போசிட்டரி, நாளுக்கு 1 கிராம் ஒன்று வைப்பது வாய்வழி மாத்திரைகளை விட நன்றாக வேலை செய்யும். சப்போசிட்டரி எட்டுவது ஏறத்தாழ 15 முதல் 20 செ.மீ. வரை. நுரை மருந்து, மலக்குடலுக்குச் சற்று மேலே உள்ள வளைவான சிக்மாய்டு வரை போகும். எனிமா மண்ணீரல் அருகே பெருங்குடல் திரும்பும் வளைவு வரை ஏறும். நோய் அதற்கும் மேலே பரவியிருந்தால் மாத்திரை கட்டாயம். அப்போதும் மாத்திரையோடு எனிமாவும் சேர்ந்தால் மாத்திரை மட்டும் எடுப்பதை விடப் பலன் அதிகம்.

சப்போசிட்டரியை மலம் கழித்த பிறகு, இரவு படுக்கும் நேரத்தில் வைப்பது நல்லது. குறைந்தது 1 முதல் 3 மணி நேரம் உள்ளே நிற்க வேண்டும். கையில் நெகிழ்ந்துபோனால் உறையோடு குளிர்ந்த நீரில் சிறிது நேரம் பிடித்து இறுக விடுங்கள். துணியில் பட்டால் கறை போகாது, பழைய விரிப்பு ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள்.

எனிமாவுக்கு இடப்பக்கம் சாய்ந்து, இடக்காலை நீட்டி, வலது முழங்காலை மடக்கிப் படுக்க வேண்டும். பாட்டிலை நன்றாகக் குலுக்கி, மூடியை எடுத்து, முனையைத் தொப்புள் நோக்கிய சாய்வில் மெதுவாக நுழைத்துப் பிழிய வேண்டும். பிறகு அதே நிலையில் அரை மணியாவது கிடக்க வேண்டும், முடிந்தால் இரவு முழுவதும் தாங்க வேண்டும். மருந்து லேசாக மஞ்சள் பழுப்பாக மாறினால் தவறில்லை. கரும்பழுப்பாகிவிட்டால் தூக்கிப் போடுங்கள். தொடக்கத்தில் குடல் தாங்காது, உடனே வெளியேறும். அதற்காக நிறுத்திவிட வேண்டாம். சப்போசிட்டரியோடு சில நாள் தொடங்கி அழற்சி தணிந்ததும் எனிமாவுக்குப் போனால் தாங்கும்.

இதில் சல்ஃபசலசினுக்குப் போட்டியிட அதிகம் இடமில்லை. அது பெரும்பாலும் வாய்வழி மருந்தாகவே நிலைத்துவிட்டது.

எது எங்கே கடிக்கும்

சல்ஃபசலசினில் முதல் வாரங்களில் குமட்டல், தலைவலி, பசியின்மை. பூச்சிட்ட மாத்திரை, உணவோடு எடுப்பது, நாளுக்கு 500 மில்லிகிராமில் தொடங்கி வாரம் 500 கூட்டிக்கொண்டே போய் 2 கிராமில் நிறுத்துவது ஆகியவை இவற்றைக் குறைக்கும். முடக்குவாதத்துக்கு இந்த ஏற்றம்தான் வழக்கம். பலன் தெரிய 6 முதல் 12 வாரம் பிடிக்கும், இரண்டாம் வாரத்தில் ஒன்றுமில்லை என்று விட்டுவிடுவது அவசரம். சிறுநீரும் வியர்வையும் ஆரஞ்சு மஞ்சளாக மாறும், மென்மையான காண்டாக்ட் லென்ஸில் கறை படியும், இவை தீங்கற்றவை. தீங்கானது வேறு: வெள்ளை அணுக்கள் சரிவது. பெரும்பாலும் முதல் மூன்று மாதத்தில்தான் வரும். அதனால் முதல் மூன்று மாதம் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை, அடுத்த மூன்று மாதம் மாதம் ஒருமுறை, பிறகு மூன்று மாதத்துக்கு ஒருமுறை ரத்த அணுக்களையும் கல்லீரலையும் பார்க்க வேண்டும். இடையில் காய்ச்சல், தொண்டைப்புண், வாய்ப்புண், தோலில் தடிப்பு வந்தால் அடுத்த வேளை மாத்திரையை விழுங்காமல் மருத்துவரைப் பாருங்கள். சல்ஃபா ஒவ்வாமை உள்ளவர்கள் தொடவே கூடாது. ஜி6பிடி நொதிக் குறைபாடு உள்ளவர்களுக்குச் சிவப்பணு சிதையலாம். ஃபோலேட் என்ற வைட்டமினை உறிஞ்சுவதையும் இது தடுக்கும். ஃபோலிக் அமிலம் சேர்த்து எடுப்பது வழக்கம், கர்ப்ப காலத்தில் நாளுக்கு 2 மில்லிகிராம்.

மெசலசினைப் பலரும் சாதுவாகவே தாங்கிக்கொள்கிறார்கள். ஆனால் சாது என்ற பெயரால் கவனிக்காமல் விடுவது தவறு. சிறுநீரகத் திசுவில் அழற்சி என்பது அரிதே என்றாலும் சத்தமில்லாமல் வரும், தாமதித்தால் திரும்பாது. தொடங்கும் முன்னும், இரண்டு மூன்று மாதத்திலும், பிறகு ஆண்டுக்கொருமுறையும் சிறுநீரக நிலையைக் காட்டும் கிரியேட்டினின் பார்த்தால் போதும், அதைத் தவறவிட வேண்டாம். இன்னொன்று பெரிய ஏமாற்றுக்காரர்: மருந்தே அழற்சியைத் தூண்டுவது. தொடங்கிய சில வாரங்களுக்குள் ரத்தத்தோடு போக்கு, வயிற்று வலி, காய்ச்சல் கூடும். நோய் முற்றிவிட்டது என்று எண்ணி அளவைக் கூட்டுவார்கள், இன்னும் மோசமாகும். மருந்தை நிறுத்தினால் தெளிவதே அதற்கு அடையாளம். நெஞ்சுவலி வந்தால் இதய உறை அழற்சியையும் மனத்தில் வைக்க வேண்டும். ஆஸ்பிரின் ஒவ்வாமை உள்ளவர்களுக்கு இரண்டு மருந்துமே எச்சரிக்கை.

வீட்டில் அடிக்கடி பதற வைக்கும் ஒரு காட்சி: மெசலசின் எடுப்பவரின் சிறுநீர், ப்ளீச்சிங் போட்டுக் கழுவிய கழிப்பறையில் விழுந்ததும் செம்பழுப்பாக மாறுவது. ரத்தமில்லை, ப்ளீச்சோடு மருந்து வினைபுரிகிறது. ப்ளீச் படாத பாத்திரத்தில் பிடித்துப் பாருங்கள், நிறம் மாறாது. மெசலசினே கல்லாகிச் சிறுநீரகத்தில் தங்குவதும் உண்டு, அது எக்ஸ்ரேயிலும் சிடி ஸ்கேனிலும் தெரியாது. தண்ணீர் தாராளமாகக் குடித்து வாருங்கள்.

நோயெதிர்ப்பை அடக்கும் அசத்தியோபிரின் எடுப்பவர் இந்த இரண்டு மருந்தில் எதைச் சேர்த்தாலும் அசத்தியோபிரினை உடைக்கும் நொதி தடைப்பட்டு வெள்ளை அணுக்கள் குறையலாம். ரத்தப் பரிசோதனையை நெருக்கமாக வைக்க வேண்டும். இதய மருந்தான டிஜாக்சின் எடுப்பவருக்குச் சல்ஃபசலசின் அதன் உறிஞ்சலைக் குறைக்கும்.

தேர்வு

மலக்குடல் மட்டும்: மெசலசின் சப்போசிட்டரி. இடப்பக்கப் பெருங்குடல்: எனிமாவோடு மாத்திரை. முழுப் பெருங்குடல், மிதமான தீவிரம்: 2.4 முதல் 4.8 கிராம் மெசலசின் மாத்திரை, எனிமாவும் சேர்த்து. தணிந்த பிறகு தினம் 2 கிராமுக்குக் குறையாமல் தொடர வேண்டும். மூட்டும் சேர்ந்திருந்தால் சல்ஃபசலசின். குடலின் எந்தப் பகுதியையும் தாக்கக்கூடிய கிரோன் நோயில் மெசலசினின் பலன் மிகச் சொற்பம், அதை நம்பிக் காலம் கடத்துவது நோயாளிக்கு நட்டம். கடும் நிலையில், அதாவது நாளுக்கு ஆறு முறையோ அதற்கு மேலோ ரத்தத்தோடு போனால், காய்ச்சலும் வேகமான நாடியும் இருந்தால், இரண்டுமே போதாது. மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

குழந்தை பெற விரும்பும் ஆணுக்குச் சல்ஃபசலசின் ஏற்றதல்ல. விந்தணு எண்ணிக்கையும் இயக்கமும் குறையும். நிறுத்தினால் இரண்டு மூன்று மாதத்தில் பழைய நிலைக்கு வரும், ஆகவே மெசலசினுக்கு மாறிவிட்டு அந்தக் காலம் பொறுக்க வேண்டும். மாறும்போது கிராமுக்குக் கிராம் மாற்றக் கூடாது: 4 கிராம் சல்ஃபசலசின் எடுத்தவர் 4 கிராம் மெசலசினுக்குத் தாவினால் 5-ஏஎஸ்ஏ அளவு இரண்டு மடங்குக்கும் மேல் கூடுகிறது. எந்த அளவு, எந்தப் பூச்சு என்பதை மருத்துவர் எழுதித்தரச் சொல்லி, புதிய அட்டையை அவரிடம் காட்டிவிட்டுத் தொடங்குங்கள்.