காங் கேட்வேயா, ஏபிஐசிக்ஸா: நிர்வாக வாசலை முன்வைத்து ஓர் ஒப்பீடு

பெருங்குடியிலிருந்து இயங்கும் எங்கள் நிறுவனம், சென்னை, எண்ணூர், காட்டுப்பள்ளி துறைமுகங்களுக்குச் சென்றுவரும் கன்டெய்னர் லாரிகளுக்கான முன்பதிவுச் சேவையை நடத்துகிறது. கப்பல் முகவர்கள், லாரி உரிமையாளர்கள், ஓட்டுநர்கள் ஆகிய மூன்று தரப்பாரின் கோரிக்கைகளையும் பிரித்து உரிய சர்வருக்கு அனுப்ப ஒரு ஏபிஐ கேட்வே (மென்பொருள்கள் ஒன்றோடொன்று பேசும் இடைமுகங்களான ஏபிஐகளுக்கு முன் நிற்கும் பொது வாசல்) தேவைப்பட்டபோது, அபாச்சி ஏபிஐசிக்ஸ், காங் ஆகிய இரண்டும் இறுதிப் பரிசீலனைக்கு வந்தன. நாங்கள் காங்கை, அதிலும் டேட்டாபேஸ் இல்லாத முறையில், தேர்ந்தெடுத்தோம். இந்த அலசல் அந்தப் பக்கம் சாய்ந்தே இருக்கும்.

வேகம், பிளகின்களின் (கூடுதல் வசதி சேர்க்கும் துணை நிரல்களின்) எண்ணிக்கை ஆகியவற்றில் அதிகம் பேச ஒன்றுமில்லை. இரண்டும் என்ஜின்எக்ஸ் என்ற வலை சர்வர் மீது லுவா மொழியில் கட்டப்பட்டவை. எங்களைப் போன்ற நடுத்தர நிறுவனத்துக்கு இரண்டின் வேகமும் தாராளமாகப் போதும். எங்கள் முடிவைத் தீர்மானித்தது ஒரே கேள்விதான்: எந்த ரூட் (கோரிக்கை செல்லும் பாதை) எங்கே போக வேண்டும், யாருக்கு அனுமதி உண்டு என்ற விதிகளை மாற்றும் அட்மின் ஏபிஐயை யார் தொட முடியும்? வாடிக்கையாளர் வரும் பாதையில் எத்தனை டோக்கன் (மின்னணு அனுமதிச் சீட்டு) சோதனைகளை வைத்தாலும், அட்மின் ஏபிஐ அந்நியர் கைக்கு எட்டுமானால் அவர் அச்சோதனைகளையே நீக்கிவிட்டு உள்ளே வரலாம்.

இந்தக் கோணத்தில் ஏபிஐசிக்ஸின் வரலாறு கவலை தருகிறது. மென்பொருளுடன் வரும் அட்மின் சாவி எல்லோருக்கும் தெரிந்த ஒரே சாவியாக இருந்தது 2020-இல் சிவிஇ-2020-13945 என்று பதிவானது (சிவிஇ என்பது பாதுகாப்பு ஓட்டைகளுக்குத் தரப்படும் பொதுப் பதிவெண்). அடுத்த ஆண்டு அதன் டாஷ்போர்டில், சில ஏபிஐகள் உள்நுழைவுச் சோதனைக்கு உட்படாமலே பதிலளித்தது சிவிஇ-2021-45232 ஆகப் பதிவாகி, 2.10.1 பதிப்பில் சரிசெய்யப்பட்டது. மூன்றாவதான சிவிஇ-2022-24112 தான் எனக்கு அதிகப் பாடம் சொன்னது. பல கோரிக்கைகளை ஒன்றாகச் சேர்த்து அனுப்ப உதவும் பேட்ச்-ரிக்வெஸ்ட்ஸ் என்ற பிளகின் வழியாக, அட்மின் ஏபிஐக்கு இடப்பட்டிருந்த ஐபி கட்டுப்பாட்டை வெளியிலிருந்தே தாண்ட முடிந்தது. மென்பொருளுடன் வந்த சாவியும் மாற்றப்படாமல் இருந்தால், தாக்குபவர் தன் நிரலையே சர்வரில் இயக்கலாம். 2.12.1, 2.10.4 பதிப்புகள் அதை அடைத்தன. மூன்றும் திருத்தப்பட்டவைதான் என்றாலும், வலையில் எப்போதும் விழித்திருக்கும் ஒரு நிர்வாக வாசல் இருப்பதே மூன்றுக்கும் பொதுவான மூலம் என்பது என் கணிப்பு.

காங்கும் குற்றமற்றதன்று. அதன் இலவசப் பதிப்பில் அட்மின் ஏபிஐக்குச் சொந்தமான உள்நுழைவுச் சோதனை கிடையாது; அதற்கான 8001 போர்ட்டை (சர்வரின் இணைப்பு வாயிலை) எட்ட முடிந்தவர் எதையும் மாற்றலாம். காங்கின் டாக்கர் (மென்பொருளைப் பொதியாக்கி இயக்கும் கருவி) அமைப்புக் கோப்பு அந்தப் போர்ட்டை வெளியே திறந்து வைத்தது 2020-இல் சிவிஇ-2020-11710 ஆகப் பதிவானது. ஆனால் 2019-இல் 1.1 பதிப்புடன் வந்த டேட்டாபேஸ் இல்லாத முறை, அந்த வாசலை மூடியே வைப்பதற்கு வழிசெய்தது. விதிகள் அனைத்தும் யாம்ல் என்ற எளிய உரை வடிவக் கோப்பு ஒன்றில் இருக்கும். காங் அதைப் படித்து நினைவகத்தில் வைத்துக்கொள்ளும். இம்முறையிலும் அட்மின் ஏபிஐ இயல்பாக மறைந்துவிடுவதில்லை என்பதை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும். முழு அமைப்பையும் ஒரே கோரிக்கையில் மாற்றும் கான்ஃபிக் பாதை அதில் திறந்தே இருக்கும். ஆகவே அட்மின்_லிசன் என்ற அமைப்பை 'ஆஃப்' என்று குறித்தாக வேண்டும். அதன்பின் மாற்றம் வேண்டுவோர் கோப்பைத் திருத்தி, கோப்பு மாற்றங்களைப் பதிவுசெய்யும் கிட் மென்பொருளில் இன்னொருவர் பார்வைக்கு வைத்து, காங் கான்ஃபிக் பார்ஸ் கட்டளையால் சரிபார்த்து, ரீலோட் கொடுக்க வேண்டும், குறுக்குவழி கிடையாது.

சென்னையில் இதற்கு ஒரு தனிக் காரணமும் உண்டு. வடகிழக்குப் பருவமழையில் வேளச்சேரிச் சாலையிலும் பெருங்குடியிலும் தண்ணீர் நின்றுவிட்டால் அலுவலகம் முழுவதும் வீட்டிலிருந்து இயங்கத் தொடங்கும்; 'இன்று ஒரு நாள் மட்டும்' என்று ஃபயர்வாலில் நிர்வாகப் போர்ட்டைத் திறக்கச் சொல்லும் கோரிக்கைகள் அப்போதுதான் வரும். திறந்ததை மூட மறப்பது மனித இயல்பு. திறப்பதற்கே போர்ட் இல்லாத அமைப்பு, பராமரிப்பவரின் நினைவாற்றலை நம்பியிருப்பதில்லை.

இதற்கு நாங்கள் கொடுக்கும் விலையும் உண்டு. டோக்கன் வழங்கும் காங்கின் ஓஆத்2 பிளகின் இம்முறையில் இயங்காது. கோரிக்கை வரம்பைப் பல சர்வர்களுக்குப் பொதுவாகக் கணக்கிட ரெடிஸ் என்ற தரவுச் சேமிப்பகம் தேவைப்படுகிறது. புதிய கப்பல் முகவருக்கு ஏபிஐ சாவி தருவதென்றாலும் கோப்பைத் திருத்த வேண்டும் என்பதால், வேறிடத்தில் வழங்கப்படும், ஜேடபிள்யூடி எனப்படும் கையொப்பமிட்ட டோக்கனுக்கு மாறினோம்.

நியாயமாகச் சொன்னால், ஏபிஐசிக்ஸிலும், அதன் விதிகளைச் சேமிக்கும் எட்சிடி டேட்டாபேஸ் இல்லாமல் கோப்பிலிருந்தே இயங்கும் தனித்த முறை உண்டு. அது கோப்பை நொடிக்கொரு முறை தானே கவனித்து ஏற்றிக்கொள்ளும். நாங்கள் சொன்னபோது மட்டும் ஏற்றும் காங்கின் ஒழுங்கு எங்கள் பணிமுறைக்கு ஒத்துவந்தது. அந்தத் தனித்த முறையைச் சோதனைச் சூழலில் மட்டுமே இயக்கிப் பார்த்திருக்கிறேன் என்பதால், அதற்கு எதிராகத் தீர்ப்புச் சொல்ல எனக்குத் தகுதியில்லை.

எதைத் தேர்ந்தாலும் கேட்வே தடுக்க முடியாத ஓட்டை ஒன்று உண்டு. ஒரு முகவர் தன் செல்லுபடியாகும் டோக்கனுடன், முகவரியில் உள்ள முன்பதிவு எண்ணை மட்டும் மாற்றி, வேறொருவரின் கன்டெய்னர் விவரத்தைக் கேட்டால் கேட்வே அதை முறையான கோரிக்கையாகவே பார்க்கும். மென்பொருள் பாதுகாப்புக்காக இயங்கும் ஓவாஸ்ப் அமைப்பின் 2023 ஏபிஐ பாதுகாப்புப் பட்டியலில் முதலிடம் இதற்குத்தான். சோதனை அந்தந்தச் சேவையின் உள்ளேதான் நடக்க வேண்டும்.

நாள்தோறும் நூற்றுக்கணக்கில் ரூட்கள் பிறந்து மறையும் நிறுவனங்களுக்குக் கோப்பு முறை சுமையாகும். அவர்களுக்கு எட்சிடியுடன் கூடிய ஏபிஐசிக்ஸே பொருந்தும். அப்படித் தேர்வோர், நிர்வாகப் போர்ட்டை 9180-க்குத் தனியே பிரித்த 3.0 பதிப்புக்கோ அதற்குப் பிந்தையதற்கோ சென்று, அட்மின் சாவியைத் தாமே உருவாக்கி, அந்தப் போர்ட்டை உள்வலைக்கு மட்டும் ஒதுக்கி, தேவைப்படாவிட்டால் பேட்ச்-ரிக்வெஸ்ட்ஸ் பிளகினை நீக்கிவிட்ட பிறகே முதல் ரூட்டை எழுத வேண்டும்.