செடர் இரவுக்கு எது: குகெலா, மினாவா?

பஸ்கா நாட்களில் யூதர் வீட்டில் ரொட்டிக்குப் பதில் மாட்சா, அதாவது புளிப்பில்லா அப்பம். அதை நனைத்து, முட்டை சேர்த்து, ஓவனில் சுடும் உப்புப் பண்டங்களில் இரண்டு பெயர்பெற்றவை. கிழக்கு ஐரோப்பிய அஷ்கெனாசி வீடுகளில் குகெல்: மாட்சாவை உடைத்துக் கலந்து சுடுவது. துருக்கி, கிரேக்க செபராதி வீடுகளில் மினா: முழுத் தகடுகளுக்கு நடுவே கொத்துக்கறி வைத்துச் சுடுவது. மாட்சாவை நனைக்கவே கூடாது என்னும் ஹசிடிக் (கடும் மரபு பேணும் யூதப் பிரிவு) குடும்பங்களுக்கு இரண்டும் ஆகாது.

சுட்ட சூட்டோடு சாப்பிட்டால் மினாதான் ருசி, சந்தேகமில்லை. ஆனாலும் பஸ்கா தொடங்கும் இரவின் சடங்கு விருந்தான செடருக்கு நான் குகெலைத்தான் சொல்வேன். காரணம் ஒன்றே: காத்திருப்பு.

செடரில், எகிப்திலிருந்து விடுதலையான கதையைச் சொல்லும் ஹகாதா நூலின் பெரும்பகுதியை வாசித்த பிறகே சாப்பாடு வரும். ஒரு மணி நேரம் ஆகலாம், இரண்டும் ஆகலாம். பண்டிகை தொடங்கிவிட்டால் புதிதாக நெருப்பு மூட்டாத வீடுகளில், முன்பே ஏற்றி வைத்த ஓவனின் குறைந்த சூட்டில்தான் உணவு இருக்கும். மினா இங்கேதான் தோற்கிறது. கறியின் சாறு இறங்கி அடித்தகடு கூழாகிவிடும். ஃபாயில் போட்டு மூடினால் ஆவி பட்டு மேல்தகட்டின் மொறுமொறுப்பு போய்விடும். திறந்து வைத்தால் ஓரங்கள் காய்ந்து சுருண்டுகொள்ளும். வெட்டும்போது அடுக்குகள் வழுக்கும். மசித்த உருளைக்கிழங்கு ஒரு கப் கறியில் சேர்த்தால் சாறு கொஞ்சம் கட்டுப்படும், அவ்வளவுதான்.

குகெலில் முட்டை எல்லாத் துண்டுகளையும் ஒன்றாகப் பிடித்துக்கொள்வதால் இந்தத் தொல்லை இல்லை. ஃபாயில் மூடி 95 டிகிரியில் இரண்டு மணி நேரம் வைத்தாலும் நடுப்பகுதி மென்மையாகவே இருக்கும்.

23 செ.மீ. சதுரத் தட்டுக்கு 8 மாட்சா. கட்டைவிரல் அளவுக்கு உடைத்து, வெதுவெதுப்பான நீரில் இரண்டு நிமிடம் ஊறவிட்டு, சல்லடையில் கொட்டி உள்ளங்கையால் அழுத்துங்கள். பிசைந்து பிழிந்தால் களியாகி, சுட்டபின் செங்கல் போல இறுகும். தண்ணீரை வடிக்காமல் விட்டாலோ, முட்டை வெந்த பிறகு அடியில் நீர் தேங்கும். பெரிய வெங்காயம் மூன்றைச் சிறு தீயில் 25 நிமிடம், பழுப்பு நிறம் வரும்வரை வதக்குங்கள். குகெலின் ருசி முழுக்க இதில்தான். அவசரப்பட்டால் வெறும் முட்டை வாடைதான் மிஞ்சும். காளான் 300 கிராம், அதன் நீர் முழுக்க வற்றியாக வேண்டும். முட்டை 6, எண்ணெய் கால் கப், மிளகு. செடருக்கான மாட்சா மாவும் நீரும் மட்டுமே, உப்பே கிடையாது. அதனால் ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு தாராளமாகப் பிடிக்கும். கலந்து பத்து நிமிடம் விட்டு, எண்ணெய் தடவிச் சூடேற்றிய தட்டில் ஊற்றி, 180 டிகிரியில் 40 முதல் 45 நிமிடம் திறந்தே சுடுங்கள். நடுவில் குத்திய கத்தி சுத்தமாக வர வேண்டும்.

கோழிக் கொழுப்பு சேர்த்தால் மணம் கூடும், ஆனால் அது கறி உணவாகிவிடும். எண்ணெயில் செய்தால் மிச்சத்தை மறுநாள் தயிர், பாலாடைக்கட்டியோடும் சாப்பிடலாம். கறியையும் பாலையும் கலக்காத கோஷர் வீட்டில் இது சின்ன வசதியல்ல.

உடைந்த மாட்சாவும் குகெலுக்கு ஆகும். மினாவுக்கோ முழுத் தகடு வேண்டும்: 23க்கு 33 செ.மீ. தட்டுக்கு அடியில் மூன்று, மேலே மூன்று, இடைவெளியை அடைக்கத் துண்டுகள். ஒரு நிமிட ஊறல் போதும். வளைய வேண்டும், கிழியக் கூடாது. கையால் தட்டிய வட்ட மாட்சா சீராக நனையாது, மெஷின் சதுரமே நல்லது. 750 கிராம் கொத்துக்கறி, வெங்காயம் இரண்டு, பார்ஸ்லி, டில், முட்டை மூன்று. மேலே இன்னும் இரண்டு முட்டை அடித்து ஊற்றி 180 டிகிரியில் 45 நிமிடம். கால் மணி நேரம் ஆறவிட்டு உடனே பரிமாறுங்கள்.

அதனால் மினாவைப் பண்டிகையின் நடுநாள் மதியத்துக்கு வைத்துக்கொள்ளலாம். கீரையும் ஃபெட்டா பாலாடைக்கட்டியும் வைத்த மினா கொஞ்ச நேரம் கூடுதலாகத் தாங்குகிறது. ஆனால் நான் அதைச் செய்தது குறைவு, அடித்துச் சொல்லமாட்டேன். கீரையை ஒட்டப் பிழியாவிட்டால் அதுவும் அடியில் கூழ்தான்.