கிரிப்டோலேமஸ் பொறிவண்டு: காசு கொடுத்து வாங்கலாமா?

மாவுப்பூச்சியைத் தின்னும் வண்டு என்று டப்பாவில் அடைத்து விற்கிறார்களே, அதைப் பற்றித்தான் இந்த விமர்சனம். வாங்கலாம், நன்றாகவே வேலை செய்கிறது. ஆனால் விற்பவர்கள் சொல்கிற மாதிரி மரத்தில் விட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்கும் சமாச்சாரம் இல்லை. மரத்தில் எறும்பு ஏறிக்கொண்டிருந்தால் மொத்தமும் தண்டம்.

எங்கள் கொல்லையில் ஒரு கொய்யாவும் இரண்டு சீத்தாவும் இருக்கின்றன. கோடை வந்துவிட்டால் இலையின் அடிப்பக்கம், காம்பு, சீத்தாக்காயின் கண்களுக்கு நடுவில் உள்ள பள்ளம் என்று ஒரு இடம் விடாமல் மாவுப்பூச்சி வெள்ளையாக அப்பிக்கொள்ளும், அது ஒழுகவிடும் இனிப்புத் திரவத்தில் கரும்பூஞ்சணம் படர்ந்து காயைக் கையில் எடுக்கவே பிடிக்காது. வேப்பெண்ணெய்க் கரைசல் அடித்தால் குஞ்சுகள் சாகும், சரி. மேலே மெழுகு மூடிய பெரிய பூச்சிக்கும் பஞ்சுப் பைக்குள் இருக்கும் முட்டைக்கும் அது அவ்வளவாக உறைப்பதில்லை, கொஞ்ச நாளில் பழைய குருடி கதவைத் திறடி. கடை மருந்தை அடித்துவிட்டு அதே பழத்தைப் பிள்ளைகளுக்குக் கொடுக்க மனசு வரவில்லை. அதனால்தான் வண்டு பக்கம் போனேன்.

டப்பாவைத் திறந்ததும் ஏமாந்துவிடாதீர்கள். சிவப்பில் கறுப்புப் புள்ளி வைத்த, படங்களில் பார்க்கிற அழகான பொறிவண்டு இது இல்லை. மிளகை விடக் கொஞ்சம் சின்னது, இறக்கை கருஞ்சாயலில் இருக்கும், தலையும் பின்நுனியும் மட்டும் ஆரஞ்சு. ஊர் ஆஸ்திரேலியா. 1890களின் தொடக்கத்தில் கலிஃபோர்னியாவின் ஆரஞ்சுத் தோட்டங்களுக்குக் கொண்டுபோனார்கள், 1898இல் இந்தியாவுக்கும் வந்துவிட்டது. இங்கே கொண்டுவந்தது காப்பிச் செடியின் பச்சைச் செதில் பூச்சியைத் தின்னட்டும் என்று; ஐயா அதை அவ்வளவாகக் கண்டுகொள்ளாமல் மாவுப்பூச்சியைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். இப்போது ஆய்வகங்களில் பரங்கிக்காய் மேல் மாவுப்பூச்சியை வளர்த்து, அதைத் தின்னவிட்டு இந்த வண்டைப் பெருக்குகிறார்கள்.

மரத்துக்குப் பத்து வண்டு என்பது பொதுவாகச் சொல்லும் கணக்கு, விலையும் கையைக் கடிக்கவில்லை. எனக்கு எரிச்சல் வந்தது கூரியரில்தான். வெயில் காலத்தில் அனுப்பிய டப்பா எங்கேயோ கிடந்து வந்ததில் கணிசமான வண்டுகள் அடியில் காய்ந்து கிடந்தன, கேட்டதற்கு உயிருள்ள பொருளுக்கு நாங்கள் பொறுப்பில்லை என்று பதில். நேரில் போய் வாங்க முடிந்தால் அதுதான் உத்தமம்.

கூடவே வந்த துண்டுச்சீட்டில் சாயங்காலம் விடுங்கள் என்று மட்டும் இருந்தது. முக்கியமான இரண்டு விஷயம் அதில் இல்லை.

ஒன்று, எறும்பு. இனிப்புத் திரவத்துக்காக எறும்புகள் மாவுப்பூச்சியைச் சுற்றிக் காவல் நிற்கும், வண்டு கிட்டே வந்தால் கடித்து விரட்டும், முட்டை வைக்க விடாது. அடிமரத்தில் அகலமான பிளாஸ்டிக் டேப்பை இறுக்கமாகச் சுற்றி அதன் மேல் கிரீஸ் தடவுங்கள். பட்டையில் நேராகத் தடவாதீர்கள், மரத்துக்கு ஆகாது. டேப்புக்குக் கீழே பட்டை வெடிப்பு இருந்தால் அந்தச் சந்து வழியாகவே வரிசையாக ஏறிவிடும், அதையும் பார்த்து அடைக்க வேண்டும். அப்புறம் சுவரைத் தொடும் கிளை, துணிக்கொடி உரசும் கிளை எல்லாவற்றையும் வெட்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் மேல்வழியாக வந்து சேர்ந்துவிடும். எறும்புப் போக்குவரத்து நின்ற பிறகுதான் டப்பாவைத் திறக்க வேண்டும்.

இரண்டாவது, இந்த வண்டின் புழு. வண்டு தன் முட்டையை மாவுப்பூச்சியின் பஞ்சுப் பைகளுக்கு உள்ளேயே வைக்கும், அதிலிருந்து வரும் புழுவும் மாவுப்பூச்சி மாதிரியே வெள்ளை மெழுகு போர்த்திக்கொண்டு திரியும். முதல் இரண்டு வாரம் ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும், அதற்கப்புறம் பார்த்தால் முன்னை விடப் பெரிய வெள்ளைப் பூச்சிகள் கிளை முழுக்க. பக்கத்து வீட்டு அக்கா சோப்புத் தண்ணீரோடு வந்தே விட்டார். "என்னப்பா, வண்டு விட்டேங்கிறே, பூச்சி இன்னும் பெருசாயிருக்கு?" "அக்கா, கை வைக்காதீங்க, அதுதான் நம்ம ஆளு!" அடையாளம் சுலபம்தான், ஒரு குச்சியால் லேசாகத் தொட்டுப் பாருங்கள். மாவுப்பூச்சி இருந்த இடத்திலேயே கிடக்கும், இல்லையென்றால் மெதுவாக நகரும். புழு விறுவிறுவென்று நடையைக் கட்டும். அதன் உடம்பில் தொங்கும் மெழுகு இழைகளும் நீளமாக, கலைந்த முடியாக இருக்கும். எத்தனை பேர் காசு கொடுத்து வாங்கியதைத் தாங்களே நசுக்கிப் போட்டிருப்பார்களோ. இதை ஒரு வரி அச்சடித்துக் கொடுத்தால் என்ன குறைந்துவிடும்?

முட்டையிலிருந்து முழு வண்டாக ஏறக்குறைய ஒரு மாதம் ஆகும். எங்கள் சீத்தாவில் அந்த இரண்டாம் தலைமுறை வந்த பிறகுதான் வித்தியாசம் கண்ணுக்குத் தெரிந்தது: வெற்றுப் பஞ்சு மட்டும் ஒட்டியிருக்கும், ஊதினால் பறக்கும், உள்ளே ஒன்றும் இருக்காது. கொய்யாவில் இன்னும் வேகம். சுவரோரம் இருக்கும் சீத்தாவில் மட்டும் பாதிக்குப் பாதிதான், அங்கே எறும்பை முழுசாக நிறுத்த முடியவில்லை.

எல்லோரும் வாங்கத் தேவையில்லை. இங்கொன்றும் அங்கொன்றுமாகப் பூச்சி இருந்தால் பழைய டூத்பிரஷும் தண்ணீர்க் குழாயுமே போதும், தீனி இல்லாத மரத்தில் வண்டு நிற்காது, பறந்துவிடும். சமீபத்தில் ரசாயன மருந்து அடித்திருந்தாலும் வேண்டாம். எலுமிச்சைக் கொழுந்தில் கூட்டமாக ஒட்டிச் சாறு உறிஞ்சும் அசுவினிப் பூச்சிதான் பிரச்சினை என்றால் அதற்கு நம்மூர்ப் பொறிவண்டுகள் தாமாகவே வரும், மருந்தடிக்காமல் பொறுமையாக இருந்தாலே போதும். பப்பாளியில் வரும் மாவுப்பூச்சிக்கும் இதுவே போதும் என்று எனக்கு விற்றவர் அடித்துச் சொன்னார். வண்டு அதையும் தின்னும்தான், ஆனால் 2008இல் கோவைப் பக்கம் தலைகாட்டிப் பப்பாளித் தோட்டங்களை நாசம் செய்த மாவுப்பூச்சியை அடக்கியது வண்டு இல்லை, 2010இல் போர்ட்டோ ரிக்கோவிலிருந்து வரவழைத்த அசெரோஃபேகஸ் என்ற குட்டிக் குளவி. பப்பாளிக்காரர்கள் அதைக் கேட்டு வாங்குங்கள்.

கொய்யாப் பழத்துக்குள் நெளியும் புழுவுக்கு இது கேட்குமா என்று தெருவில் இரண்டு பேர் கேட்டுவிட்டார்கள். கேட்காது, அது பழ ஈயின் வேலை. ஆண் ஈக்களை வாசனை காட்டி இழுக்கும் மீத்தைல் யூஜினால் பொறியைக் கட்டித் தொங்கவிடுங்கள், விழுந்த பழத்தை அன்றன்றே பொறுக்கி ஆழமாகப் புதையுங்கள்.