இரண்டு விழுக்காடா, சம்பளத் திருத்தமா?

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் காலைத் தேநீருக்கு வரும் ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியர் ஒருவர், பென்ஷன் பேச்சு எழுந்தாலே பேனாவை எடுத்து நாளிதழ் ஓரத்தில் கணக்குப் போடத் தொடங்கிவிடுவார்.

பழைய முறையில், அரசுப் பணியில் இருப்போரின் சம்பளம் திருத்தப்பட்டால் ஓய்வூதியமும் அதையொட்டி ஏறும். எப்போது வரும் என்று சொல்ல முடியாது. வந்தால் கனமாக வரும். 2013இல் சட்டத்தைத் திருத்தி, ஆண்டுக்கு 2 விழுக்காடு என்றார்கள். 1,500 ரிங்கிட் வாங்குபவருக்கு முதலாண்டில் 30 ரிங்கிட் கூடும். பத்தாண்டு பொறுத்தால் ஏறத்தாழ 1,828. நிச்சயம் உண்டு, ஆனால் சம்பளத் திருத்தம் எத்தனை பெரிதாக வந்தாலும் அதில் பங்கில்லை.

கருவூலத்துக்கு இரண்டாவதுதான் வசதி. செலவை முன்கூட்டியே கணக்கிட்டுவிடலாம். ஆனால் ஓய்வூதியதாரருக்குப் பாதகமாகச் சட்டத்தை மாற்ற அரசியலமைப்பின் 147ஆவது பிரிவு இடம்தராது. ஓய்வுபெற்ற அரசு ஊழியர் அமினா அகமதுவும் மேலும் 56 ஓய்வூதியதாரர்களும் இதைப் பிடித்துக்கொண்டுதான் வழக்குத் தொடுத்தார்கள். அந்தத் திருத்தம் செல்லாது என்று 2022இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. 2023 ஜூனில் நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது.

எனக்குப் பழைய முறையே நியாயமாகப் படுகிறது. ஆனால் சிறிய பென்ஷனில் காலம் தள்ளும் கைம்பெண்ணுக்கு, ஆண்டுதோறும் தவறாமல் வந்த அந்த முப்பது ரிங்கிட் பெரிதுதான்.

பக்கத்து மேசையில் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டி ஓய்ந்த பெரியவர் ஒருவர் ரொட்டியைப் பிய்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு இருந்தது சேமநிதி மட்டுமே.