ஸ்டேஷனில் நின்ற வண்டியை மீட்டுக் கொடுத்த மதுரை வக்கீல் ஆபீஸ்

ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டுக்குக் காய்கறி லோடு அடிக்கும் டாடா ஏஸ் எங்களுடையது. ஆர்.சி. என் பெயரில், ஓட்டுவது என் வீட்டுக்காரர். அவர் காய்ச்சலில் படுத்திருந்தபோது ஆக்டிங் டிரைவர் ஒருவர் வாடகைக்கு எடுத்துப் போனார். அவர் ஏற்றிய இரும்புக் கம்பி திருட்டுச் சரக்கு என்று போலீஸ் வண்டியைப் பிடித்துவிட்டது. எங்கள் மேல் கேஸ் எதுவும் இல்லை, ஆனாலும் வண்டி ஸ்டேஷனில்.

உள்ளூர் கோர்ட்டில் மனு போட்டோம். வண்டியைக் கொடுக்கலாம் என்று ஆர்டரும் வந்தது. நிபந்தனைகளைப் படித்ததும்தான் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஒரு லட்சம் ரூபாய் ரொக்கமாகக் கட்ட வேண்டும், இரண்டு ஜாமீன்தார் வேண்டும், விற்கக் கூடாது, நிறம் மாற்றக் கூடாது, கூப்பிடும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும். மற்றதெல்லாம் சரி. அந்த ஒரு லட்சத்துக்கு எங்கே போவது? வண்டியே தவணையில் வாங்கியது. பார்த்த வக்கீலோ, “ஆர்டர்தான் கிடைத்துவிட்டதே, எப்படியாவது புரட்டிக் கட்டிவிடுங்கள்” என்று முடித்துக்கொண்டார்.

சொந்தக்காரர் ஒருவர் சொல்லித்தான் ஒத்தக்கடை பக்கம் இருக்கும் இந்த ஆபீஸுக்குப் போனோம். வக்கீல்கள் விளம்பரம் செய்துகொள்ளக் கூடாது என்று பார் கவுன்சில் விதி இருப்பதால் பெயர் போட வேண்டாம் என்று வக்கீலம்மா கேட்டுக்கொண்டார், அதனால் எழுதவில்லை.

அவர் முதலில் செய்தது, ஆர்டரை வரிவரியாக வாசித்து, எங்களால் முடியாத நிபந்தனையை மட்டும் பென்சிலால் வட்டமிட்டது. “ஆர்டர் முழுவதையும் எதிர்க்கத் தேவையில்லை அக்கா, இந்த ஒரு வரியை மட்டும் மாற்றக் கேட்போம்” என்றார். வண்டியைப் பல பக்கமிருந்தும் போட்டோ எடுத்துவரச் சொன்னார். போய்ப் பார்த்தால் பின் டயர் இரண்டும் தரையோடு அமுங்கியிருந்தன, தார்ப்பாய் வெயிலில் இற்றுப்போயிருந்தது, பேட்டரி செத்துவிட்டது. பார்க்கவே வயிறு எரிந்தது. அந்தப் படங்களோடு, தவணை கட்டும் ஸ்டேட்மென்டையும் வண்டியின் மதிப்பு போட்டிருக்கும் இன்சூரன்ஸ் பாலிசியையும் சேர்த்தார். அந்த மதிப்புக்குப் பத்திரம் எழுதிக் கொடுத்தாலே போதும், ரொக்கம் எதற்கு என்பதுதான் அவர் வாதம்.

சட்டத்தையும் பொறுமையாகச் சொன்னார். பிடித்த வண்டிகளை ஸ்டேஷனில் காலக்கணக்கில் நிறுத்தி வைக்கக் கூடாது, போட்டோவும் தகுந்த பத்திரமும் ஈடும் வாங்கிக்கொண்டு திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-லேயே சொல்லிவிட்டதாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தின் 497-ம் பிரிவில், பொருளின் விவரப் பட்டியலை 14 நாளில் தயாரித்து, படமோ வீடியோவோ எடுத்து, அதற்கப்புறம் 30 நாளில் அதை என்ன செய்வது என்று உத்தரவு போட வேண்டும் என்று கெடுவும் இருக்கிறது. இதையெல்லாம் அதற்கு முன் எங்களுக்கு ஒருவரும் சொல்லவில்லை.

அதே சட்டத்தின் 528-ம் பிரிவில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் மனு போட்டார். ரொக்கம் கட்டும் நிபந்தனை நீங்கியது. பத்திரமும் ஜாமீன்தார்களும் அப்படியே இருக்கின்றன, அது நியாயம்தான்.

குறை என்றால், வக்கீலம்மா கோர்ட்டில் இருக்கும் நேரத்தில் போனை எடுக்க ஆள் கிடையாது. சாயங்காலம் குமாஸ்தா அண்ணன்தான் கூப்பிட்டுச் சொல்வார். ஆர்டர் காப்பி கைக்கு வரவும் இழுத்தது. ஃபீஸ் எங்களுக்குக் கொஞ்சம் அதிகம்தான், ஆனால் முதலிலேயே மொத்தமாகப் பேசி, இரண்டு தவணையாக வாங்கிக்கொண்டு ரசீதும் கொடுத்தார்கள். நடுவில் அந்தச் செலவு இந்தச் செலவு என்று ஒரு பைசா கேட்கவில்லை.

போகிறவர்கள் உள்ளூர் கோர்ட் ஆர்டரின் சர்டிஃபைடு காப்பி, ஆர்.சி., இன்சூரன்ஸ், எஃப்.ஐ.ஆர். நகல் நான்கையும் கையோடு கொண்டுபோங்கள். ஜாமீன்தார்களிடம் வீட்டு வரி ரசீதை முன்கூட்டியே கேட்டு வாங்கி வையுங்கள். எங்களுக்குக் கடைசியில் இழுபறியானது அந்த ரசீதால்தான்.