நாலு மணி நேரத்துல ஆறு நாடு: 'பிளாக் இன் லத்தீன் அமெரிக்கா' பாக்கலாமா?

லத்தீன் அமெரிக்காவுல இருக்கிற கறுப்பின மக்களைப் பத்தின நாலு எபிசோடு ஆவணப்பட சீரிஸ் இது. தாராளமா பாக்கலாம், ஆனா வரிசையா பாக்காதீங்க, மூணாவது எபிசோடு பிரேசில், அதுலேர்ந்து ஆரம்பிங்க.

ஆப்பிரிக்காவுலேர்ந்து அடிமையா பிடிச்சிட்டு போனவங்கன்னா நமக்கு உடனே அமெரிக்காவும் பருத்தித் தோட்டமும்தான் ஞாபகம் வரும், ஆனா அங்க நேரா கப்பல்ல போய் இறங்கினது சுமார் 4 லட்சம் பேர்தான், பிரேசில்ல மட்டும் 48 லட்சத்துக்கு மேல. அடிமை முறையை அமெரிக்கக் கண்டங்கள்லயே கடைசியா ஒழிச்ச நாடும் அதுதான், 1888ல. ஹார்வர்டு பேராசிரியர் ஹென்றி லூயிஸ் கேட்ஸ் 2011ல அமெரிக்காவோட பிபிஎஸ் டிவி சேனலுக்காகப் பண்ணின இந்த சீரிஸ் அந்தப் பெரிய பக்கத்தைத்தான் தொறந்து காட்டுது.

எனக்கு இதுல ரொம்பப் பிடிச்சது அவர் வரலாற்றைச் சொல்ற விதம். ஸ்டுடியோவுல உக்காந்து லெக்சர் கொடுக்காம அந்தந்த ஊருக்கே போய் அங்க இருக்கிறவங்ககிட்ட நேரா கேக்கறார். எங்க நாட்டுல நிற பேதமே கிடையாதுன்னு பிரேசில் ரொம்ப நாளா பெருமையா சொல்லிட்டு இருந்துச்சு, அதைப் பொய்னு வாழ்நாள் முழுக்க எதிர்த்துப் போராடின அப்தியாஸ் தோ நாசிமெண்டோவை இதுல பேச வச்சிருக்கார், அவர் அந்த 2011 மே மாசமே 97 வயசுல இறந்துட்டார், அதனால அந்தப் பேட்டியை சாதாரணமா கடந்து போக முடியல. ஆவணப்படம்னு ஒண்ணு எதுக்கு எடுக்கணும்னு யாராவது கேட்டா நான் இதைத்தான் காட்டுவேன்.

அடுத்து மெக்சிகோ, பெரு எபிசோடு பாருங்க. மெக்சிகோவோட ரெண்டாவது ஜனாதிபதி விசென்டே குவெரேரோ ஆப்பிரிக்க வம்சாவளி, 1829ல அடிமை முறையை ஒழிச்சவரே அவர்தான், அப்படி ஒரு நாட்டுல கறுப்பர்கள் இருந்ததே மறந்து போற அளவுக்கு எப்படி ஆச்சுங்கறது மனசை உறுத்தற கேள்வி. பெருவுல பாடகி சுசானா பாகா வர்றாங்க, அதே வருஷம் அவங்க அந்த நாட்டோட கலாச்சார அமைச்சர் ஆனாங்க.

கியூபா ஓகே.

ஹெய்டி, டொமினிகன் குடியரசு ரெண்டையும் ஒரே மணி நேரத்துல அடக்கினதுதான் எனக்குப் பெரிய குறை. ஹெய்டியில அடிமைகளே பிரான்ஸை எதிர்த்துப் புரட்சி பண்ணி 1804ல சுதந்திர நாடு அமைச்சது, 1825ல பிரான்ஸ் அதுக்கு 15 கோடி ஃப்ராங்க் நஷ்டஈடு கேட்டது, 1937ல டொமினிகன் சர்வாதிகாரி ட்ருஹியோ ஆயிரக்கணக்கான ஹெய்டிக்காரங்களைக் கொன்னது, இது ஒவ்வொண்ணுக்கும் தனி எபிசோடு வேணும். ஒரு விஷயம் மனசுல பதியறதுக்குள்ள அடுத்த ஊருக்குப் போயிடறார், புதுசா பாக்கறவங்களுக்கு தலை சுத்தும்.

இன்னொண்ணு, படம் வந்து வருஷங்கள் ஆச்சு. 2019ல மெக்சிகோ அரசியலமைப்புலயே ஆப்பிரிக்க வம்சாவளி மக்களை அங்கீகரிச்சாங்க, 2020 சென்சஸ்ல 25 லட்சத்துக்கும் மேல பேர் தங்களை அப்படிப் பதிவு பண்ணியிருக்காங்க. இதெல்லாம் சேத்து கேட்ஸ் அந்த எபிசோடை மட்டுமாவது திரும்ப எடுத்தா முதல் ஆளா உக்காந்து பாப்பேன்.