உயிருக்கு நிறம் தந்தவரும் மெய்க்குப் பொருள் தேடியவரும்

ஒலிக்கு நிறம் உண்டா? பிரெஞ்சுக் கவிஞர் ஆர்தர் ரைம்போ 1871 வாக்கில் எழுதிய பதினான்கு வரிக் கவிதையில் ‘ஆ’ கறுப்பு, ‘ஈ’ சிவப்பு, ‘ஓ’ நீலம். காரணம் எதுவும் சொல்லவில்லை. “உயிரெழுத்துகளின் நிறத்தை நான் கண்டுபிடித்தேன்” என்று 1873இல் எழுதியதோடு சரி.

ரஷ்யக் கவிஞர் வெலிமிர் க்ளெப்னிகோவுக்கு அது போதவில்லை. அவர் நாடியது மெய்யெழுத்துகளை. சொல்லின் முதல் மெய்யே பொருளை ஆள்கிறது என்றார். ரஷ்ய மொழியில் படகு, உள்ளங்கை, இலை, பனிச்சறுக்குப் பலகை ஆகிய நான்கும் ‘ல்’ ஒலியில் தொடங்குகின்றன. நான்கிலும் எடை அகன்ற பரப்பில் பரவுகிறது. ஆகவே அந்த ஒலியின் பொருளே அதுதான் என்பது அவர் வாதம். படிக்கும்போது உள்ளங்கையில் அந்த அழுத்தத்தை உணர முடிகிறது! ஒலிகளுக்கு நிறமும் குறித்தார். காலத்தையும் விடவில்லை: வரலாற்று நிகழ்வுகளின் இடைவெளி நாட்களை 2, 3 ஆகிய எண்களின் அடுக்குகளாகக் கணக்கிட்டார். 1917இல் ஓர் அரசு வீழக்கூடுமோ என்று 1912இலேயே கேட்டிருந்தார்.

இப்படி ஒலிகளின் பொருளைக் கொண்டே உலகம் முழுமைக்கும் ஒரு மொழி அமைக்கலாம் என்ற அவர் கனவு தமிழிடம் வந்தால் தடுக்கி விழும். தமிழில் இயல்பான சொல் எதுவும் லகரத்தில் தொடங்குவதில்லை. நம் இலையில் அது நடுவில் நிற்கிறது. ரைம்போவிடம் இப்படி உடையக்கூடிய கொள்கையே இல்லை. ஆனாலும் நான் திரும்பத் திரும்பப் போவது க்ளெப்னிகோவிடம்தான். அவர் தன் காதை நம்பி, அதற்குக் காரணமும் தேடினார்.